திரூர்ல மலையாளம் படிச்ச கதை: அப்பா, நான், கூடவே சதீஷ்

வியாழன், ரயில்ல இருந்து

அப்பாவும் நானும் மட்டும் போறதாத்தான் ப்ளான். மலையாளம் சொல்லிக்குடுக்கற ஒரு கேம்ப், கேரளாவுல திரூர் பக்கத்துல, பாரதப்புழா ஆத்து ஓரமா ஒரு பழைய ஓட்டு வீட்ல, தங்கறது சாப்பாடு எல்லாம் அங்கயே, பெரியவங்களுக்குன்னே நடத்தறாங்க. ரெண்டு பேருக்கு பேர் குடுத்து பணமும் கட்டியாச்சு. போன வாரம் அப்பா டீ குடிச்சுக்கிட்டே சாதாரணமா சொல்றாரு, "சதீஷையும் வரச் சொல்லிட்டேன் தம்பி, பையன் சும்மாதான் இருக்கறான்." பையனுக்கு வயசு முப்பத்திரண்டு. என்கூட ஸ்கூல்ல படிச்சவன், அன்னையில இருந்து எங்க வீட்டு பந்தியில எனக்கு முன்னாடி உக்கார்றவன்.

அவனை தெரியாதவங்களுக்கு சொல்லிடறேன். எதை எடுத்தாலும் "அது தமிழ்ல இருந்து வந்ததுதான் மாப்ள"ன்னு ஆரம்பிப்பான், நாம கேக்கலைன்னாலும் முடிக்க மாட்டான், நம்ம தட்டு அப்பளத்தை கேக்காம எடுப்பான், ராத்திரி கொறட்டை. மொழி படிக்கற எடத்துக்கு இவனை கூட்டிட்டுப் போறது எப்பிடி இருக்கும்னு நீங்களே யோசிச்சுக்கங்க.

நான் போறதுக்கு காரணம் ஆபீஸ். பாதி டீம் கொச்சியில, அவங்களுக்குள்ள ஜாலியா பேசிட்டிருப்பாங்க, நான் ஃபோன் கால்ல வந்ததும் எல்லாரும் இங்கிலீஷுக்கு மாறிடுவாங்க, ஒரு மாதிரி இருக்கும். அப்பா கதை வேற. ரயில்வேல இருந்து ரிட்டயர் ஆனவர், சர்வீஸ் முழுக்க பாலக்காடு டிவிஷன், மலையாளம் பேசுனா மலையாளத்தான்னே நெனைப்பாங்க, ஆனா ஒரு எழுத்து படிக்கத் தெரியாது. இத்தனை வருஷமா ஸ்டேஷன் போர்டை எல்லாம் இங்கிலீஷ்லயே படிச்சு ஓட்டிட்டாரு. சதீஷுக்கு காரணம்னு ஒண்ணும் இல்ல.

போத்தனூர்ல ஏறுனோம். வண்டி கிளம்பறதுக்குள்ள அப்பா 1921 கதையை ஆரம்பிச்சுட்டாரு. மலபார்ல மாப்பிளை முஸ்லிம்கள் பிரிட்டிஷ்காரங்களுக்கு எதிரா பண்ணின கலகத்துல புடிச்சவங்களை திரூர்ல இருந்து ஒரு சரக்கு வேகன்ல அடைச்சு அனுப்பறாங்க, காத்து போக வழி இல்ல, இந்த போத்தனூர்ல வந்து கதவை தொறந்தா பொணமா கெடக்குது, மொத்தம் அறுபது பேருக்கு மேல செத்தாங்க. நாம இன்னைக்கு போறது அதே லைன்ல, எதிர் பக்கமா. திரூர்ல டவுன் ஹாலுக்கே வேகன் டிராஜடி நினைவு பேர்தான் வெச்சிருக்காங்க. சதீஷே கொஞ்ச நேரம் பேசல, அதை வெச்சு புரிஞ்சுக்கங்க.

மதுக்கரை, எட்டிமடை, வாளையார் தாண்டினா மலை ரெண்டு பக்கமும் விலகி நிக்குது. மேற்குத் தொடர்ச்சி மலையில 30, 40 கிலோமீட்டர் அகலத்துக்கு இங்க மட்டும்தான் இப்பிடி ஒரு கணவாய், நமக்கு அடிக்கற காத்தும் அந்தப் பக்கத்து மழைச்சாரலும் அது வழியாத்தான் வருது. பாலக்காடு ஜங்ஷனை அப்பா இன்னும் ஒலவக்கோடுன்னுதான் சொல்லுவாரு, அதோட பழைய பேர் அதுதான். ஒத்தப்பாலம் வந்தா இடது பக்க ஜன்னல்ல ஆறு. மணல் திட்டும் நாணலுமா பரந்து கெடக்குது. ஆனைமலையில பொறந்து பொன்னானியில கடல்ல சேருது, 209 கிலோமீட்டர், நம்ம ஆழியாறும் இதுல போய்த்தான் விழுகுது. இதை நான் சொல்லியிருக்கக் கூடாது. "அப்ப இதுவும் நம்ம தண்ணிதான் மாப்ள"ன்னு சதீஷ் குட்டிப்புரம் வரைக்கும் விடல.

வெள்ளி

காலையில எட்டு மணிக்கே கிளாஸ். டீச்சர் ஸ்கூல்ல இருந்து ரிட்டயர் ஆனவங்க, வெள்ளை முண்டும் நேரியதும், குரல் மெதுவா இருக்கும், ஆனா தப்பு பண்ணினா புருவம் மட்டும் மேல போகும் பாருங்க, அதுக்கே பயமா இருக்கு.

கூட இருக்கறவங்க நல்ல கலவை. மஞ்சேரிக்கு டிரான்ஸ்ஃபர் ஆன பேங்க் அக்கா ஒருத்தங்க திருநெல்வேலியில இருந்து, கவுண்ட்டர்ல உக்காந்து கையால பேசி பேசி அலுத்துப்போய் வந்திருக்காங்க. சென்னையில பொறந்த மலையாளிப் பொண்ணு ஒண்ணு, வீட்ல பேசுவா, படிக்கத் தெரியாது. அவளையும் அப்பாவையும் ஒரு பெஞ்சுல போட்டுட்டாங்க, "பேச்சு உண்டு, எழுத்து இல்ல" குரூப். அப்பாவுக்கு அது கொஞ்சம் கௌரவக் குறைச்சல்தான், மூஞ்சியில தெரிஞ்சுது.

வெள்ளம்னா அங்க தண்ணி, சம்சாரம்னா பேச்சுங்கற ஜோக் எல்லாம் முதல் அரை மணியிலயே எல்லாரும் ஆளுக்கு ஒருக்கா சொல்லி முடிச்சுட்டாங்க, டீச்சர் ஆயிரம் தடவை கேட்டிருப்பாங்க, இருந்தாலும் சிரிச்சாங்க. நான் திரும்ப சொல்லல.

நமக்கு எது கஷ்டம்னா, எதுவுமே கஷ்டமா தெரியாததுதான். டீச்சர் பேசறது முக்காவாசி புரியுது, தலையை தலையை ஆட்டறோம், வாயத் தொறந்தா வர்றது தமிழ். இது புத்தகம்னு நாம அப்பிடியே விட்ருவோம், அவங்களுக்கு "இது புஸ்தகமாணு". அந்த ஆணு இல்லாம வாக்கியம் மொட்டையா நிக்கும். நான் ஒவ்வொரு தடவையும் ஆணுவை முழுங்கறேன், டீச்சர் பேனாவால மேசையில ஒரு தட்டு தட்டறாங்க, ஆணுன்னு சேக்கறேன். மதியத்துக்குள்ள அந்த தட்டு காதுலயே நிக்குது. அப்பறம் வினை. வந்தேன், வந்தான், வந்தாள், வந்தார்கள் எல்லாத்துக்கும் சேத்து அங்க ஒரே வந்நு. கேக்கறதுக்கு ஈசி, ஆனா நமக்கு வாலை வெட்டுன மாதிரி இருக்குது, "ஞான் வந்நு"ன்னு சொல்லிட்டு ஏதோ பாக்கி இருக்கற மாதிரியே நிக்கறேன்.

சதீஷுக்கு இந்த கூச்சம் எதுவுமே கெடையாது. தமிழ் சொல்லு பின்னாடி ஒரு உந்நு சேத்தா மலையாளம்ங்கறது அவன் கண்டுபிடிப்பு. பன்னெண்டு மணிக்கு கை தூக்கி "டீச்சர், எனிக்கு பசிக்குந்நு"ன்னான். விசக்குந்நுன்னு சொல்லணும். டீச்சர் புருவம் போன ஒசரத்துக்கு நான் கீழ குனிஞ்சுட்டேன். ஆனா சமையல்கார சேச்சி ஜன்னல் வழியா கேட்டுட்டு சிரிச்சுக்கிட்டே அவனுக்கு மட்டும் முதல்ல கஞ்சியும் பயறும் கொண்டு வந்து வெச்சுட்டாங்க. இலக்கணம் சரியா பேசுன எங்களுக்கு அரை மணி கழிச்சுத்தான்.

சாயங்காலம் எழுத்து. தட்டுல மணல் பரப்பி விரலால எழுத வெக்கறாங்க, அங்க விஜயதசமிக்கு கொழந்தைங்களுக்கு பண்ற மாதிரியே. ஒரு வளைவு போட்டு ரெண்டு முனையையும் உள்ள சுருட்டினா ர. சுருட்டாம விட்டா ற. வளைவை முழுசா மூடிட்டா அது நம்ம கிட்ட இல்லாத ஒரு அழுத்தமான ட. அப்பாவோட ஆள்காட்டி விரல் தடிச்ச விரல், மணல்ல சுருட்டற எடம் வர்றப்ப மொத்தமா கொழஞ்சு போகுது. தட்டை குலுக்கி சமம் பண்ணுவாரு, திரும்ப போடுவாரு. பக்கத்துல அந்த சென்னைப் பொண்ணு முடிச்சுட்டு உக்காந்திருக்கா. அவரு நிமிந்து பாக்கவே இல்ல. கடைசியில விரலை விட்டுட்டு பேனா மூடியோட முனையில எழுதுனாரு, ர ர ர ரன்னு ஒரு வரிசை, எல்லாம் ஒரே மாதிரி.

சனி

இன்னைக்கு நடந்தது எனக்கு இன்னும் ஜீரணம் ஆகல.

டீச்சர் போர்டுல ரெண்டு வார்த்தை எழுதுனாங்க, ஒண்ணுக்கான சொல்லு, வந்ததுக்கான சொல்லு. ரெண்டுலயும் அதே இரட்டை ந எழுத்து. ஆனா சொல்றப்ப ஒண்ணுல நாக்கு பல்லுல படுது, இன்னொண்ணுல பல்லுக்கு மேல ஈறுல படுது. மலையாளத்துல ரெண்டு ஒலி, எழுத்து ஒண்ணுதான். தமிழ்ல தலைகீழ், ந ன-ன்னு ரெண்டு எழுத்து வெச்சிருக்கோம், பேச்சுல பெரும்பாலும் ஒரே மாதிரிதான் சொல்றோம். டீச்சர் "நனஞ்ஞு"ன்னு சொல்லி காட்டினாங்க, நனைஞ்சதுக்கு. அதுல மொதல் ந ஒண்ணு, ரெண்டாவது ந இன்னொண்ணு. எங்க யார் காதுக்கும் வித்தியாசம் கேக்கல. அந்த சென்னைப் பொண்ணும் அப்பாவும் சொல்றப்ப ரெண்டும் கரெக்டா வருது, எப்பிடின்னு கேட்டா அவங்களுக்கே தெரியல.

எந்த வார்த்தையில எது வரும்னு எப்பிடி கண்டுபிடிக்கறதுன்னு பேங்க் அக்கா கேட்டாங்க. கேட்டு கேட்டுத்தான் வரணும்னு டீச்சர் சொல்லி வாயை மூடல, சதீஷ் எந்திரிச்சுட்டான்.

"டீச்சர், தமிழ்ல என்ன எழுத்தோ அதுதான்."

எனக்கு தலையில அடிச்சுக்கலாம் போல இருந்துச்சு. ஆனா அவன் நோட்டுல வரிசையா எழுதி வெச்சிருக்கான். ஒன்று, மூன்று, கன்று, குன்று, பன்றி. நமக்கு ன்ற வர்ற எடம் எல்லாம் அவங்களுக்கு ஈறுல படற ஒன்னு, மூன்னு, கன்னு, குன்னு, பன்னி. வந்து, தந்து, இருந்து, நமக்கு ந்த வர்ற எடம் எல்லாம் பல்லுல படற வந்நு, தந்நு, இருந்நு. டீச்சர் ஒவ்வொண்ணா வாய்க்குள்ள சொல்லி பாத்தாங்க. நின்று? நின்னு, ஈறுலதான். கொன்று? கொன்னு. சரியாத்தான் வருது. அப்பறம் சொன்னாங்க, இதை நாளைக்கு சொல்லலாம்னு வெச்சிருந்தேன், தமிழ் எழுதத் தெரிஞ்சவங்களுக்கு இது ஒரு சௌகரியம், எங்க பிள்ளைங்களுக்கு இந்த வழி கெடையாதுன்னு.

அதுக்கப்பறம் அவனை கைல புடிக்க முடியல. சாப்பிடறப்ப, கை கழுவறப்ப, கக்கூஸ் கதவுக்கு வெளிய நின்னுக்கிட்டு, "மாப்ள, சென்று! சென்னு!"

ஆனா ஒண்ணு சொல்லணும், எனக்கு அந்த ரெண்டு ஒலியும் இப்பத்தான் பிரிஞ்சு கேக்குது. அவனால. இதை அவன் கிட்ட சொல்லப்போறதில்ல.

மதியம் துஞ்சன் பறம்பு. திரூர் டவுன்ல இருந்து பக்கம்தான். மலையாளத்துக்கு தகப்பன்னு அவங்க சொல்ற துஞ்சத்து எழுத்தச்சன் பொறந்த எடம்னு கொண்டாடறாங்க, 16ஆம் நூற்றாண்டு ஆளு. ராமாயணத்தை கிளி சொல்ற மாதிரி பாட்டா எழுதுனவர், அந்த அத்யாத்ம ராமாயணம் கிளிப்பாட்டைத்தான் கர்க்கடக மாசம், நம்ம ஆடி, பூரா வீடு வீடா படிப்பாங்க. எழுத்தாளர் எம்.டி. வாசுதேவன் நாயர் 2024 டிசம்பர்ல சாகற வரைக்கும் இந்த எடத்தை பாத்துக்கற டிரஸ்டுக்கு தலைவரா இருந்தாரு. நல்ல நெழல், குளம், மியூசியம், சத்தமே இல்ல, சதீஷ் சத்தம் தவிர.

அங்க ஒரு காஞ்சிர மரம் இருக்குது. நம்ம எட்டி மரம். எழுத்தச்சன் அதுக்கடியில உக்காந்து எழுதுனதால அந்த மரத்து எல மட்டும் கசக்காதுன்னு ஒரு நம்பிக்கை. சொன்னா சும்மா இருப்பானா, கீழ கெடந்த ஒரு எலையை எடுத்து வாயில வெச்சுட்டான். அப்பா பாஞ்சு கையை தட்டி விட்டாரு, "எட்டிக்காய் விஷம்டா, ஸ்கூல்ல படிக்கலையா, எட்டி பழுத்தா என்ன, ஈயாதார் வாழ்ந்தா என்னன்னு." சதீஷ் குளத்துப் பக்கம் திரும்பி துப்பிட்டு வந்து "கசக்கவே இல்லீங்கப்பா"ங்கறான். அவன் மூஞ்சியை பாத்தா அப்பிடி தெரியல. ராத்திரி வரைக்கும் நான் அவனை ஒரு கண்ணுல வெச்சிருந்தேன், ரெண்டு தட்டு சோறு சாப்பிட்டான், அதுனால பிரச்சனை இல்ல.

ஞாயிறு

விடியக்காலையில திருநாவாய. நாவா முகுந்தன் கோயில் ஆத்தங்கரையிலயே இருக்குது, படியில எறங்குனா பாரதப்புழா, எதிர் கரையில தவனூர். செத்தவங்களுக்கு பலி, அதாவது திதி, குடுக்க வந்த கூட்டம், ஈர வேட்டி, காக்கா. 12 வருஷத்துக்கு ஒருக்கா மாமாங்கம்ங்கற திருவிழா நடந்த மணல் இதுதான். கோழிக்கோட்டு ராஜா சாமூதிரியை குத்தறதுக்கு வள்ளுவநாட்டுல இருந்து சாவேறுங்க, சாகத் துணிஞ்ச வீரங்க, வந்து வந்து இங்கதான் செத்திருக்காங்க, ஜெயிச்சதா ஒரு கதையும் இல்ல, ஆனாலும் அடுத்த மாமாங்கத்துக்கு அடுத்த ஆளுங்க வருவாங்க. ஹைதர் அலி படையெடுப்போட அது நின்னு போச்சு. அப்பா ஆத்துல முங்கிட்டு வந்தாரு, தாத்தாவுக்கு எள்ளும் தண்ணியும் விட்டாரு, பேச்சே இல்ல.

திரும்பி வர்ற வழியில திருநாவாய ஸ்டேஷன். சின்ன ஸ்டேஷன், வண்டி ஒண்ணும் இல்லாத நேரம். அப்பா மஞ்ச போர்டுக்கு முன்னாடி போய் நின்னாரு. மேல மலையாளம், அதுக்கு கீழ ஹிந்தி, இங்கிலீஷ். கையை வெச்சு கீழ இருக்கற ரெண்டையும் மறைச்ச மாதிரி தூக்கி புடிச்சுக்கிட்டு, "தி... ரு..." அந்த ருவை அடையாளம் கண்டதுல ஒரு சின்ன தலையாட்டல், "நா... வா... ய." இந்த ஸ்டேஷன் வழியா அவர் எத்தனை ராத்திரி போயிருப்பாரு. பேரு தெரிஞ்சுக்கிட்டேதானே படிக்கறீங்க, இது எப்பிடி படிச்ச கணக்குல வரும்னு நான் கிண்டல் பண்ணலாம்னு வாயெடுத்தேன், சதீஷ் முந்திக்கிட்டான், "அங்க பாருங்கப்பா, அந்த நோட்டீஸ்ல என்ன போட்டிருக்குன்னு சொல்லுங்க, அது உங்களுக்கு தெரியாதுல்ல." அப்பா போய் பத்து நிமிஷம் நின்னு படிச்சாரு. தண்டவாளத்தை தாண்டாதேன்னு போட்டிருந்தது. அவர் வாழ்க்கை பூரா மத்தவங்களுக்கு சொன்ன விஷயம்.

மதியத்துக்கு மேல திரூர் சந்தை. டீச்சர் குடுத்த வேலை, தமிழும் கூடாது இங்கிலீஷும் கூடாது, மலையாளத்துலயே பேசி ஏதாவது வாங்கிட்டு வரணும். திரூர் வெத்தலை 2019ல புவிசார் குறியீடு வாங்குன வெத்தலை, காரம் ஜாஸ்தி, அதை வாங்கலாம்னு போனோம். நான் மனசுக்குள்ள வாக்கியத்தை முழுசா கட்டி, ஆணு எல்லாம் சரியான எடத்துல வெச்சு, "சேட்டா, ஈ வெற்றிலக்கு எந்த்தாணு வில"ன்னு கேட்டேன். அவர் என்னை ஒரு பார்வை பாத்துட்டு சுத்தமான தமிழ்ல "எவ்வளவு வேணும் தம்பி?"ங்கறாரு. எங்க போனாலும் இதே. வாயத் தொறந்தா போதும், நம்ம ஊரு தெரிஞ்சுருது, உடனே தமிழ்ல எறங்கிடறாங்க. மரியாதைக்குத்தான் பண்றாங்க, ஆனா படிக்க வந்தவனுக்கு இதைவிட எடஞ்சல் வேற இல்ல. நானும் வழக்கம் போல தமிழுக்கு மாறி வாங்கிட்டு வந்துட்டேன்.

சதீஷ் மாறல. அவர் தமிழ்ல கேக்கறாரு, இவன் அவனோட உந்நு மலையாளத்துல பதில் சொல்றான், அவர் திரும்ப தமிழ், இவன் திரும்ப உந்நு, பின்னாடி கூட்டம் சேந்துருச்சு, எனக்கு அங்க நிக்கவே முடியல. கடைசியில கடைக்காரர் தோத்துட்டாரு. மெதுவா, கொழந்தைக்கு சொல்ற மாதிரி மலையாளத்துல சொல்ல ஆரம்பிச்சாரு, தப்பை எல்லாம் திருத்துனாரு, ஒரு கட்டு வெத்தலைக்கு இருபது நிமிஷம்.

அப்பா எங்க போனாருன்னு தேடுனா, சுமை தூக்கற தொழிலாளிங்க கூட நின்னு சிரிச்சுட்டிருக்காரு. அவரோட மலையாளம் முழுக்க கூட்ஸ் ஷெட்லயும் லைன்லயும் கத்துக்கிட்டது, அதுல பாதி வார்த்தையை டீச்சர் முன்னாடி சொல்ல முடியாது. வெள்ளிக்கிழமை ஒண்ணை தெரியாம சொல்லிட்டாரு, கிளாஸ்ல அந்த சென்னைப் பொண்ணு மட்டும் டெஸ்குக்கு அடியில போய் சிரிச்சா.

திங்கள்

மழை. வெளிய போகல. கொறட்டையும் மழையும் சேந்து ராத்திரி நான் தூங்கல, அதனால கொஞ்சம் எரிச்சலாவே எழுதறேன், பொறுத்துக்கங்க.

கிளாஸ்ல ஒரு கொழப்பம். டீச்சர் போர்டுல எழுதற கு, ரு எல்லாம் ஒட்டி வருது, எங்களுக்கு குடுத்த பிரிண்ட்ல உகரக் கொம்பு தனியா பிரிஞ்சு நிக்குது. கேட்டா 1971ல டைப்ரைட்டருக்கும் அச்சுக்கும் தோதா அரசாங்கம் எழுத்தை பிரிச்சுது, கையால எழுதறவங்க பழையபடியே எழுதறாங்க, இப்ப கம்ப்யூட்டர் வந்தப்பறம் பழைய எழுத்தும் திரும்பி வந்துருச்சு, ரெண்டும் தெரிஞ்சுக்கத்தான் வேணும்னாங்க. அப்பா உடனே நம்ம ஊர்ல 1978ல மாத்துனதை சொன்னாரு, யானைத் தும்பிக்கை போட்ட லை, ணா, றா எல்லாம். டீச்சர் அதை எழுதிக் காட்டச் சொன்னாங்க. போர்டுல போய் பழைய லையை போட்டாரு, தும்பிக்கை நல்லா வளைஞ்சு வந்துச்சு, எல்லாரும் ஃபோட்டோ எடுத்தாங்க. பேச்சு உண்டு எழுத்து இல்ல குரூப்காரருக்கு அன்னைக்கு தனி மரியாதை.

அப்பறம் சதீஷ் கேக்க வேண்டியதை கேட்டுட்டான். "தமிழ்ல இருந்துதானே டீச்சர் மலையாளம் வந்துச்சு?" பேங்க் அக்கா என்னை பாத்தாங்க, நான் கூரையை பாத்தேன்.

டீச்சர் கோவப்படல. ஏ.ஆர். ராஜராஜ வர்மா கேரள பாணினீயம்ங்கற இலக்கண புஸ்தகத்துல மலையாளம் தமிழ்ல இருந்து எப்பிடி விலகுச்சுன்னு ஆறு நயம், ஆறு விதின்னு வெச்சுக்கங்க, சொல்லியிருக்காரு, அந்த வந்நு விஷயம், ஆளுக்கு ஆள் வால் மாறாதது, அதுவும் அதுல ஒண்ணு, புருஷபேத நிராசம்னு பேரு. ந்த எல்லாம் ந்ந ஆனதும் ஒரு நயம். ஜெர்மன் பாதிரியார் குண்டர்ட்டும் மொதல்ல தமிழ் படிச்சுட்டுத்தான் 1839ல தலசேரிக்கு வந்தாரு, அவரோட 1872 அகராதியில மலையாளச் சொல்லுக்கு பக்கத்துல தமிழ்ச் சொல்லு குறிச்சிருப்பாரு. இவ்வளவும் சொல்லிட்டு நிறுத்துனாங்க. சதீஷ் ஜெயிச்ச மாதிரி எங்க எல்லாரையும் ஒரு சுத்து பாத்தான். அப்பறம்தான் மெதுவா சொன்னாங்க, ஆனா விலகுனது எதுல இருந்து, இன்னைக்கு நீங்க பேசற தமிழ்ல இருந்தா? ரெண்டு பேருக்கும் பொதுவா இருந்த பழைய பேச்சு ஒண்ணு, அது உங்க பக்கமும் மாறியிருக்கு எங்க பக்கமும் மாறியிருக்கு. அந்த ந ன வித்தியாசத்தை நீங்க எழுத்துல வெச்சுக்கிட்டீங்க, நாங்க வாயில வெச்சுக்கிட்டோம், இதுல யாரு யாருக்கு அம்மா?

சதீஷ் பதில் சொல்லல. ஒரு அரை நிமிஷம். எனக்கு அந்த அரை நிமிஷத்துக்கே கட்டுன பணம் சரியாப் போச்சு. அப்பறம் "இருந்தாலும் டீச்சர்..."ன்னு ஆரம்பிச்சான்.

ராத்திரி கரண்ட் போச்சு. திண்ணையில மெழுகுவத்தி வெச்சுக்கிட்டு அப்பாவும் அவனும் நோட்டுல என்னமோ எழுதிட்டிருக்காங்க. அப்பா வார்த்தை சொல்றாரு, இவன் தமிழ் எழுத்து என்னன்னு பாத்து எந்த நன்னு சொல்றான், அப்பா மலையாளத்துல எழுதறாரு. ஒருத்தருக்கு ஒலி தெரியும், ஒருத்தனுக்கு எழுத்து தெரியும், ரெண்டு பேரும் சேந்தா ஒரு ஆளு ஆகுது. நானும் போய் உக்காந்தேன், கொஞ்ச நேரம் கழிச்சு ஒரு வார்த்தை சொன்னேன், "அதெல்லாம் நேத்தே முடிச்சாச்சு மாப்ள"ங்கறான். படுக்க வந்துட்டேன்.

செவ்வாய், வீட்டுக்கு போற வழியில

காலையில சின்னதா ஒரு பரீட்சை, பேப்பர்ல ஒரு பத்தி படிக்கணும். சென்னைப் பொண்ணு சடசடன்னு படிச்சா. நான் தப்பில்லாம, தயங்கித் தயங்கி. அப்பா விரல் வெச்சு, எழுத்து எழுத்தா, ஆனா வார்த்தை முடியறப்ப சட்டுனு சத்தமா வருது, ஏன்னா அந்த வார்த்தை அவருக்கு ஏற்கனவே தெரிஞ்ச வார்த்தை. அவருக்கு வேகம் எப்பிடியும் வந்துரும். சதீஷ் படிச்சதை பத்தி நான் சொல்ல விரும்பல, எல்லாரும் கைதட்டுனாங்க, அவ்வளவுதான்.

திரூர் ஸ்டேஷன்ல அப்பா கெத்தா சொல்றாரு, கேரளாவோட முதல் ரயில் 1861 மார்ச்சுல இந்த திரூர்ல இருந்து பேப்பூருக்குத்தான் ஓடுச்சுன்னு. ஏதோ இவரே கொடி காட்டி அனுப்புன மாதிரி.

பாலக்காட்டுல எறங்கி பஸ் புடிச்சு சித்தூர் வந்தோம். எழுத்தச்சன் கடைசிக் காலத்துல வந்து தங்குனதா சொல்ற குருமடம் இங்க தெக்கேகிராமத்துல இருக்குது, சோகநாசினிங்கற ஆத்தங்கரை, அவர் சமாதியும் இங்கதான்னு சொல்றாங்க. சின்ன எடம், அஞ்சு நிமிஷத்துல பாத்து முடிச்சரலாம், ஆனா தெரு நல்லா இருந்துச்சு, நடந்துக்கிட்டே இருந்தோம். சித்தூர்ல ஒரு வீட்டு வாசல்ல மலையாளம், அடுத்த வீட்டு வாசல்ல தமிழ், டீக்கடையில ரெண்டும் ஒரே வாக்கியத்துல. இங்க யாரு எதுல பேசுனாலும் யாரும் திரும்பி பாக்கறதில்ல. எனக்கு ஆணு முழுங்காம ரெண்டு மூணு வாக்கியம் வந்துச்சு, கடைக்காரரும் மலையாளத்துலயே பதில் சொன்னாரு, சதீஷ் அந்த நேரம் பாத்து பாத்ரூம் போயிருந்தான், நல்ல விஷயம் ஒண்ணு.

வந்ததும் அவன்தான் சொன்னான். அடுத்த லெவல் சிங்க மாசத்துல, நம்ம ஆவணியில, வெக்கறாங்களாம், ஓணத்துக்கு முன்னாடி. "எனக்கும் அப்பாவுக்கும் டீச்சர் கிட்ட பேர் குடுத்தாச்சு மாப்ள. உனக்குத்தான் லீவு கிடைக்காதே."

அப்பாவை பாத்தேன். டீயை ஆத்திக்கிட்டே, "அவன்தான் தம்பி வற்புறுத்துனான்"ங்கறாரு. நான் லீவு கிடைக்காதுன்னு யார் கிட்டயும் சொல்லவே இல்ல. டீச்சர் நம்பர் அப்பா நோட்டுல இருக்குது, நோட்டு சதீஷ் பைல இருக்குது, அவன் என் வடையை தின்னுட்டு இருக்கறான். நாளைக்கு ஃபோன் பண்ணி மூணாவது பேரா என்னையும் சேத்துக்கச் சொல்லணும். மலையாளத்துலயே.